கோர்ட் உத்தரவு கையில் இருக்கிறது, அடுத்து என்ன?

(பொங்கலை ஒட்டி நடந்த நம் சங்கத்தின் காலாண்டுக் கூட்டத்தில், நம் குடியிருப்பில் வசிக்கும் வழக்கறிஞர் ஒருவர் பேசியதன் எழுத்து வடிவம். கூட்டத்துக்கு வர முடியாதவர்கள் கேட்டுக்கொண்டதால் முழுமையாக வெளியிடுகிறோம். விவகாரம் இன்னும் முடியாததால் அலுவலகத்தின் பெயரோ, எதிர்த்தரப்பின் பெயரோ இதில் இல்லை.)



செயலாளர் என்னிடம் பதினைந்து நிமிடம் பேசச் சொன்னார். தலைப்பையும் அவரே கொடுத்தார்: நீதிமன்ற அவமதிப்பு. ஏன் இந்தத் தலைப்பு என்று உங்களுக்கே தெரியும். நம் வாட்ஸ்அப் குரூப்பில் ஒரு மாதமாக இதே பேச்சுதான். "கோர்ட் உத்தரவு போட்டும் செய்யவில்லை, உள்ளே தள்ளணும் சார்" என்று ஒரு பக்கம். "ஊரில் இருந்துகொண்டு அதிகாரியைப் பகைத்துக்கொள்ள முடியுமா" என்று இன்னொரு பக்கம். இரண்டு பக்கமும் இதைக் கொஞ்சம் பொறுமையாகக் கேட்க வேண்டும்.

முதலில் நம் விஷயத்தை வரிசையாகச் சொல்லிவிடுகிறேன். புதிதாகக் குடிவந்தவர்களுக்கும் தெரிய வேண்டுமல்லவா?

நம் குடியிருப்புக்குப் பின்பக்கம் ஏரிக்குப் போகும் நீர்வரத்து வாய்க்கால் மண் கொட்டி மூடப்பட்டிருக்கிறது. ஃபெஞ்சல் புயல் 2024 நவம்பர் 30 இரவு புதுச்சேரி அருகே கரையைக் கடந்தது. மறுநாள் நம் மாவட்டத்தில் மயிலத்தில் ஒரே நாளில் 50 செ.மீ. அளவுக்கு மழை பதிவானது. நம் தரைத்தள வீடுகளுக்குள் தண்ணீர் வந்தது. அதன் பிறகுதான் சங்கம் மனு கொடுத்தது. மனுவுக்குப் பதில் இல்லை. சென்னை உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு போட்டோம். உத்தரவு வந்தது. அதன் சான்றிட்ட நகலை 2025 பிப்ரவரி 10 அன்று சம்பந்தப்பட்ட அலுவலகத்தில் கொடுத்து, முத்திரையோடு ஒப்புகை வாங்கி வைத்திருக்கிறோம். கோர்ட் கொடுத்த கெடு 12 வாரம். அது 2025 மே 5 அன்று முடிந்தது. இன்று வரை பதில் இல்லை. நடுவில் ஒரு முறை சர்வேயர் வந்து பார்த்துவிட்டுப் போனார், அவ்வளவுதான்.

இனி சட்டத்துக்கு வருகிறேன்.

உத்தரவில் என்ன எழுதியிருக்கிறது?

குரூப்பில் பலர் "கோர்ட் ஆக்கிரமிப்பை அகற்றச் சொல்லிவிட்டது" என்று எழுதுகிறீர்கள். அப்படிச் சொல்லவில்லை. உத்தரவில் இருப்பது இதுதான்: மனுதாரர் சங்கம் கொடுத்த மனுவைச் சட்டப்படி பரிசீலித்து, சம்பந்தப்பட்டவர்களுக்குத் தங்கள் தரப்பைச் சொல்ல வாய்ப்புக் கொடுத்து, 12 வாரத்துக்குள் தகுந்த உத்தரவு பிறப்பிக்க வேண்டும். ரிட் மனுக்களில் மிகவும் பழக்கமான உத்தரவு இது. "பரிசீலி" என்பது வேறு, "அகற்று" என்பது வேறு.

இந்த வேறுபாட்டில்தான் பல அவமதிப்பு மனுக்கள் தோற்கின்றன. நாளைக்கே அந்த அதிகாரி "பரிசீலித்தேன், மனுவை நிராகரிக்கிறேன்" என்று ஒரு தாளில் எழுதிக் கொடுத்துவிட்டால், அவமதிப்பு வழக்கு அதோடு முடிந்தது. அந்த நிராகரிப்பு தவறாக இருக்கலாம். அந்தத் தவறை அவமதிப்பு வழக்கில் விசாரிக்க மாட்டார்கள். 1996இல் பரிகார் வழக்கில் உச்ச நீதிமன்றம் இதைத் தெளிவாகச் சொல்லிவிட்டது: உத்தரவுப்படி ஒரு முடிவு எடுக்கப்பட்டுவிட்டால், அது சரியோ தவறோ, அதை எதிர்த்துப் புதிதாகத்தான் வழக்குப் போட வேண்டும்.

இன்னொன்று. அவமதிப்பு வழக்கை விசாரிக்கும் நீதிபதி, பழைய உத்தரவில் இல்லாத ஒன்றைப் புதிதாகச் சேர்த்துக் கொடுக்க முடியாது. காரைக்காலில் ஓ.என்.ஜி.சி.யின் ரேடியோ ஆபரேட்டர்கள் விவகாரம் சென்னை உயர் நீதிமன்றத்தில் நடந்தது. அவமதிப்பு வழக்கில், மூல உத்தரவில் இல்லாதபடி, கூடுதல் பணியிடங்களை உருவாக்கச் சொன்னார்கள். நிறுவனம் உச்ச நீதிமன்றம் போனது. 2014இல் உச்ச நீதிமன்றம் அதை ரத்து செய்தது. உத்தரவின் நான்கு மூலைக்குள்தான் நிற்க வேண்டும் என்றது. ஆகவே நாம் அவமதிப்பு மனு போட்டால் அதிகபட்சம் கிடைக்கக்கூடியது, நம் மனு மேல் ஒரு முடிவு. வாய்க்கால் நேரடியாகத் திறக்காது. இதைத் தெரிந்துகொண்டு போக வேண்டும்.

அப்படியானால் எதற்குப் போக வேண்டும் என்று கேட்பீர்கள். முடிவே எடுக்காமல் ஃபைலை மூடி வைப்பதுதான் இன்றைய நிலை. அதை உடைக்க வேறு நேர்வழி இல்லை. ஒரு முடிவு எழுத்தில் வந்துவிட்டால், சாதகமானால் அதை அமல்படுத்தச் சொல்லலாம், பாதகமானால் எதிர்க்கலாம். ஒன்றுமே வராதபோது எதைப் பிடித்துக்கொண்டு நிற்பது?

சட்டம் என்ன சொல்கிறது?

நீதிமன்ற அவமதிப்புச் சட்டம் 1971ஆம் ஆண்டுச் சட்டம். அதில் இரண்டு வகை. நீதிமன்றத்தை இழிவுபடுத்துவது, நீதி வழங்கும் வேலையில் தலையிடுவது எல்லாம் கிரிமினல் அவமதிப்பு. உத்தரவை வேண்டுமென்றே மீறுவதும், கோர்ட்டுக்குக் கொடுத்த உறுதிமொழியை வேண்டுமென்றே மீறுவதும் சிவில் அவமதிப்பு. நம்முடையது சிவில் அவமதிப்பு. கிரிமினல் அவமதிப்புக்குத் தனிநபர் மனு போட அட்வகேட் ஜெனரலின் சம்மதம் வேண்டும். சிவில் அவமதிப்புக்கு வேண்டியதில்லை.

தண்டனை: அதிகபட்சம் ஆறு மாத வெறுங்காவல், அல்லது 2,000 ரூபாய் அபராதம், அல்லது இரண்டும். 1971இல் 2,000 ரூபாய் பெரிய தொகை. இன்றைக்கு நம்மில் சிலர் கட்டும் ஒரு மாத மெயின்டனன்ஸ்கூட அதைவிட அதிகம். கோர்ட்டுக்குத் திருப்தி தரும்படி மன்னிப்புக் கேட்டால் தண்டனையிலிருந்து விடுவிக்கவும் சட்டம் இடம் தருகிறது. நடைமுறையில் பெரும்பாலும் நடப்பது என்ன? நோட்டீஸ் போகும். அடுத்த வாய்தாவுக்குள் உத்தரவை நிறைவேற்றிவிட்டு, தாமதத்துக்கு வருத்தம் தெரிவித்து அறிக்கை தாக்கல் செய்வார்கள். கோர்ட் வழக்கை முடித்துவைக்கும். இதை நாம் தோல்வியாக நினைக்கக் கூடாது. நமக்கு வேண்டியது அதுதான்.

"வேண்டுமென்றே" என்ற சொல்லைக் கவனியுங்கள். தாமதம் மட்டும் போதாது. செய்ய முடிந்தும் செய்யவில்லை என்று காட்ட வேண்டும். அளவை முடியவில்லை, எதிர்த்தரப்பு சிவில் கோர்ட்டில் தடை வாங்கியிருக்கிறது, இன்னொரு துறையின் அனுமதி வரவில்லை என்றெல்லாம் அதிகாரி காரணம் சொன்னால், கோர்ட் அதைக் காது கொடுத்துக் கேட்கும். சந்தேகத்தின் பலன் அவருக்கே போகும். அதனால்தான், அவர் சொல்லக்கூடிய காரணங்களை ஒவ்வொன்றாக நாமே முன்கூட்டி நீக்கிவைக்க வேண்டும். அதற்குப் பிறகு வருகிறேன்.

ஆனால் ஒரு காரணம் செல்லாது. "மேல்முறையீடு செய்திருக்கிறோம், அது நிலுவையில் இருக்கிறது" என்பார்கள். மேல்முறையீடு போட்டதே தடை உத்தரவு ஆகாது. தடை வாங்கியிருக்க வேண்டும். வாங்காதவரை உத்தரவு உத்தரவுதான்.

அதிகாரிகள் தண்டிக்கப்பட்டதே இல்லையா?

உண்டு. 2006 மே 10 அன்று உச்ச நீதிமன்றம் மகாராஷ்டிர அமைச்சர் ஸ்வரூப் சிங் நாயக்கையும், வனத்துறை முதன்மைச் செயலர் அசோக் கோட்டையும் ஒரு மாத வெறுங்காவலுக்கு அனுப்பியது. மர அறுவை ஆலைகள் குறித்த உச்ச நீதிமன்ற உத்தரவுக்கு மாறாக அனுமதி கொடுத்தார்கள் என்பது குற்றம். அமைச்சர், முதன்மைச் செயலர் என்று பார்க்கவில்லை.

நமக்கு நெருக்கமான வழக்கு, ஆந்திரத்தில் குண்டூர். இதைச் சற்று விரிவாகச் சொல்கிறேன், ஏனென்றால் இது தாசில்தார் அளவில் நடந்தது. ஏழைக் குடும்பங்கள் குடிசை போட்டு வாழ்ந்த இடம். அவர்களை வெளியேற்றக் கூடாது என்று 2013 டிசம்பரில் உயர் நீதிமன்றம் உத்தரவிட்டது. 2014 ஜனவரியில் தாசில்தார் போலீசோடு போய்க் குடிசைகளை அகற்றினார். அந்த மக்கள் அவமதிப்பு வழக்குப் போட்டார்கள். உயர் நீதிமன்றம் அவருக்கு இரண்டு மாதச் சிறைத் தண்டனை விதித்தது. அதற்குள் அவர் துணை ஆட்சியராகப் பதவி உயர்வு பெற்றிருந்தார். உச்ச நீதிமன்றத்தில், சிறைக்குப் பதிலாகப் பதவி இறக்கத்துக்கு ஒப்புக்கொள்கிறாரா என்று கேட்டார்கள். முதலில் அவர் ஒப்புக்கொள்ளவில்லை. கடைசியில் 2025 மே 9 அன்று தீர்ப்பு வந்தது. சிறைத் தண்டனையை நீக்கி, அவரை மறுபடி தாசில்தாராக இறக்கி, ஒரு லட்சம் ரூபாய் அபராதமும் விதித்தார்கள். சிறைக்குப் போனால் வேலையே போய்விடும், அவர் குடும்பம் என்ன ஆகும் என்பதையும் நீதிபதிகள் நினைத்துப் பார்த்தார்கள். அதே நேரம், எவ்வளவு பெரிய பதவியில் இருந்தாலும் உத்தரவை மீறினால் விலை உண்டு என்பதையும் காட்டினார்கள். உச்ச நீதிமன்றத்தின் அதிகாரம் தனி. அந்த அபராதத் தொகையை எல்லாக் கோர்ட்டிலும் எதிர்பார்க்க வேண்டாம்.

இதில் நான் பார்ப்பது வேறொன்று. குடிசை போனது 2014. தீர்ப்பு 2025. பதினோரு வருடம். அதிகாரிக்குத் தண்டனை கிடைத்தது சரி. இடிந்த குடிசைக்குள் அந்தப் பதினோரு வருடத்தை யார் கொண்டுவந்து வைப்பார்கள்? "உள்ளே தள்ளணும்" என்று சொல்பவர்கள் இதை யோசிக்க வேண்டும். நமக்கு அடுத்த வடகிழக்குப் பருவமழைக்குள் வாய்க்கால் திறக்க வேண்டும்.

"அதிகாரியைக் கோர்ட்டில் கூண்டில் நிற்க வைக்கணும்" என்றும் ஒருவர் எழுதியிருந்தார். 2023இல் அலகாபாத் உயர் நீதிமன்றம், ஓய்வுபெற்ற நீதிபதிகளுக்கான வசதிகள் தொடர்பான வழக்கில் உத்தரப் பிரதேச நிதித்துறை அதிகாரிகள் இருவரைக் காவலில் வைத்தது. அந்த வழக்கில்தான் 2024 ஜனவரி 3 அன்று உச்ச நீதிமன்றம் வழிமுறைகளை வகுத்தது. அதிகாரிகளைச் சும்மா சும்மா நேரில் கூப்பிடக் கூடாது. கூப்பிட்டாலும் முதலில் காணொலி வழியாக. அவர்களை அவமானப்படுத்தும்படி பேசக் கூடாது, உடையைப் பற்றி விமர்சிக்கக் கூடாது. எனவே அந்தக் காட்சியை எதிர்பார்த்து யாரும் சென்னைக்கு வேன் பிடிக்க வேண்டாம்.

நம் வாசலையும் அளப்பார்கள்

இப்போது கொஞ்சம் கசப்பானதைச் சொல்கிறேன். கொச்சியில் மரடு அடுக்குமாடிகள் நினைவிருக்கிறதா? கடலோர ஒழுங்குமுறை விதிகளை மீறிக் கட்டியவை என்று 2019 மே 8 அன்று உச்ச நீதிமன்றம் இடிக்கச் சொன்னது. கேரள அரசு தயங்கியது. செப்டம்பரில் உச்ச நீதிமன்றம் கடுமையாகி, தலைமைச் செயலரையே நேரில் வரச் சொன்னது. 2020 ஜனவரி 11, 12 தேதிகளில் நான்கு குடியிருப்புகளும் வெடி வைத்துத் தகர்க்கப்பட்டன. அங்கே வீடு வாங்கியவர்கள் நம்மைப் போன்றவர்கள்தான். உள்ளாட்சி கொடுத்த அனுமதியை நம்பி, கடன் வாங்கி வாங்கியவர்கள். இடைக்கால இழப்பீடாக 25 லட்சம் ரூபாய் கொடுக்கச் சொன்னார்கள், வீடு திரும்ப வரவில்லை.

எதற்காக இதைச் சொல்கிறேன்? உத்தரவை அமல்படுத்து என்று நாம் தட்டும் கதவு, நம் பக்கமும் திறக்கும். சர்வேயர் வந்து வாய்க்காலை முழுமையாக அளந்தால், எதிர்த்தரப்பு கொட்டிய மண்ணை மட்டும் அளக்க மாட்டார். நம் பின்பக்கக் காம்பவுண்டுச் சுவரையும், வண்டி ஏற்றுவதற்குப் போட்ட சாய்தளத்தையும் அளப்பார். நம் சுவர் எல்லைக்குள் இருக்கிறதா என்று இன்று வரை யாரும் அளந்ததில்லை. மனு போடும் முன் நாமே கட்டணம் கட்டி அளந்துவிட வேண்டும் என்பது என் கோரிக்கை. ஓர் அடி வெளியே இருந்தால், நாமே முதலில் இடித்துக்கொள்வோம். அப்படிச் செய்துவிட்டுக் கோர்ட்டுக்குப் போனால் நம் பேச்சுக்கு மரியாதை இருக்கும். இதில் சிலருக்கு வருத்தம் இருக்கும். ஆனால் தண்ணீர் வரும்போது சுவர் யாருடையது என்று பார்த்து வராது.

கெடுவை மறக்கக் கூடாது

அவமதிப்பு மனுவுக்கு ஒரு வருடம்தான் காலக்கெடு. சட்டத்தின் 20ஆம் பிரிவு. அவமதிப்பு நடந்த நாளிலிருந்து ஒரு வருடம். அந்த வருடத்துக்குள் மனுவைத் தாக்கல் செய்துவிட்டால் போதும் என்று 2001இல் பல்லவ் சேத் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. நம் கணக்கில் 12 வாரக் கெடு முடிந்தது 2025 மே 5. எனவே 2026 மே தொடக்கத்துக்குள் மனு கோர்ட்டில் இருக்க வேண்டும். "அதிகாரி தினமும் செய்யாமல்தானே இருக்கிறார், தினமும் புதுக் குற்றம்தானே" என்று வாதாடலாமா என்றால், அதை நம்பிக் காத்திருக்காதீர்கள். 2024இல் உச்ச நீதிமன்றம் அந்த வாதத்துக்குக் கடிவாளம் போட்டுவிட்டது. நமக்கு ஏறக்குறைய நான்கு மாதம் இருக்கிறது. மார்ச் இறுதியை நம் கெடுவாக வைத்துக்கொள்வோம்.

அதற்குள் செய்ய வேண்டியவை:

1. உத்தரவு நகல், நம் மனு, ஒப்புகை மூன்றையும் இணைத்து, இப்போது பதவியில் இருக்கும் அதிகாரிக்குப் பதிவு வசதியோடு ஸ்பீடு போஸ்டில் ஒரு நினைவூட்டல். மரியாதையான கடிதம். மிரட்டல் வேண்டாம். அவமதிப்பு என்பது ஆளைப் பொறுத்தது, நாற்காலியைப் பொறுத்தது அல்ல. மே மாதத்தில் இருந்தவர் மாறுதலாகிப் போயிருந்தால், புதியவருக்கு உத்தரவு தெரியும் என்று நாம் நிரூபிக்க வேண்டும்.

2. தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் ஒரு மனு: நம் மனு மேல் என்ன நடவடிக்கை, ஃபைல் யாரிடம், சர்வேயர் அறிக்கை நகல். 30 நாளில் பதில் வர வேண்டும்.

3. புல வரைபடம், 'அ' பதிவேட்டு நகல் வாங்கி, வாய்க்கால் சர்வே எண்ணைக் குறித்து, மனுவோடு சேர்த்துக் கொடுப்பது. "ஆவணம் இல்லை" என்ற காரணம் போய்விடும்.

4. எதிர்த்தரப்பு செஞ்சி கோர்ட்டில் ஏதாவது தடை வாங்கியிருக்கிறதா என்று பார்ப்பது. இருந்தால் அதை முதலில் சந்திக்க வேண்டும்.

5. நம் எல்லையை நாமே அளப்பது.

6. இவ்வளவுக்கும் பதில் இல்லையென்றால், மார்ச் கடைசிக்குள் அவமதிப்பு மனு. நம் மாவட்டத்துக்குச் சென்னை முதன்மை அமர்வுதான், மதுரை அல்ல.

அதிகாரியைப் பகைத்துக்கொள்ளலாமா என்று கேட்டவர்களுக்கும் ஒரு வார்த்தை. மேசையில் நூறு ஃபைல் இருக்கும் அதிகாரிக்கு, எந்த ஃபைலை முதலில் எடுப்பது என்பதுதான் தினசரிப் பிரச்சினை. அரசியல் அழுத்தமும் இருக்கும். "கோர்ட் கெடு முடிகிறது" என்ற ஒரு தாள், அவருக்கே பல நேரங்களில் கவசம். "நான் என்ன செய்வேன், கோர்ட் உத்தரவு" என்று அவர் மற்றவர்களிடம் சொல்லிக்கொள்ளலாம். அவர் நமக்கு எதிரி அல்ல. தண்டனை வாங்கிக் கொடுப்பது நம் நோக்கமும் அல்ல.

கூட்டத்தில் கேட்கப்பட்ட சில கேள்விகள்

செஞ்சி முன்சீப் கோர்ட்டில் நான் தனியாக வாங்கிய தடை உத்தரவைப் பக்கத்து மனைக்காரர் மீறுகிறார். அதற்கும் ஹைகோர்ட் போகணுமா?

வேண்டாம். சிவில் நடைமுறைச் சட்டத்தில் ஆணை 39, விதி 2-ஏ இருக்கிறது. உத்தரவு கொடுத்த அதே கோர்ட்டில் மனு போடுங்கள். மீறியவரின் சொத்தை ஜப்தி செய்யலாம், மூன்று மாதம் வரை சிவில் சிறையில் வைக்கலாம். இறுதித் தீர்ப்பாக இருந்தால் நிறைவேற்றல் மனு. வேறு வழி இருக்கும்போது அவமதிப்பை உயர் நீதிமன்றங்கள் ஊக்குவிப்பதில்லை.

பில்டர் மேல் ரெரா கொடுத்த உத்தரவு அமலாகவில்லை. அது அவமதிப்பு ஆகுமா?

ரெரா உத்தரவுக்குத் தனி வழி. வட்டி, இழப்பீடு போன்ற தொகையை நில வருவாய் பாக்கி போல வசூலிக்கலாம் என்று ரெரா சட்டத்தின் 40ஆம் பிரிவு சொல்கிறது. உத்தரவை மதிக்காத பில்டருக்குத் தினசரி அபராதம் 63ஆம் பிரிவில். நுகர்வோர் ஆணைய உத்தரவாக இருந்தால், 2019ஆம் ஆண்டுச் சட்டத்தின் 72ஆம் பிரிவில் ஒரு மாதம் முதல் மூன்று வருடம் வரை சிறை உண்டு. உங்கள் உத்தரவு எந்த இடத்திலிருந்து வந்தது என்பதைப் பார்த்துத்தான் எந்தக் கதவு என்று முடிவு செய்ய வேண்டும்.

அவமதிப்பு மனுவைக் கோர்ட் தள்ளுபடி செய்துவிட்டால் அப்பீல் உண்டா?

19ஆம் பிரிவில் அப்பீல், தண்டிக்கப்பட்டவருக்குத்தான். தண்டிக்க மறுத்துவிட்டால் அந்தப் பிரிவில் நமக்கு அப்பீல் இல்லை. அதனால்தான் சொல்கிறேன், போவது ஒரு தடவை, காகிதங்களோடு போவோம்.

எல்லையை அளப்பதற்கான கட்டணத்தையும் வழக்குச் செலவையும் சங்க நிதியிலிருந்து எடுக்க இன்றே தீர்மானம் போடும்படி கேட்டுக்கொள்கிறேன். சுவர் வெளியே இருந்தால் இடிப்பதற்கும் அதே தீர்மானத்தில் ஒப்புதல் கொடுங்கள். அது இல்லாமல் இந்த மனுவில் நான் கையெழுத்துப் போட மாட்டேன்.



(இரண்டு தீர்மானங்களும் கூட்டத்தில் நிறைவேறின. எல்லை அளவை நடக்கும் தேதி அறிவிப்புப் பலகையில் போடப்படும். பின்பக்கம் நிறுத்தியுள்ள வண்டிகளை அன்று எடுத்துவிடும்படி கேட்டுக்கொள்கிறோம்.)